அப்பாயி கேட்ட கேள்வியும் சின்னத்திரை விருதுகளும்

ரொம்ப நாளா எழுதணும்னு வச்சிருந்த குறிப்பு இது. ஆரம்பம் 2010-ல், ஆண்டிமடத்தில், எங்க வீட்டுக் கூடத்தில்.

அந்த வருஷம்தான் சன் டிவி முதல்முறையா 'சன் குடும்பம் விருதுகள்' நடத்தினாங்க. அரசு கொடுத்த இலவச கலர் டிவி முன்னாடி அப்பாயி உட்கார்ந்து முந்திரிக்கொட்டை உடைச்சிட்டிருந்துச்சு. எங்க பக்கம் முந்திரிக்காட்டுப் பூமி; கோடை வந்தா கொட்டை எண்ணெய் பட்டு பொம்பளைங்க விரல் எல்லாம் கறுத்துப் போயிருக்கும். கை பாட்டுக்கு வேலை பார்க்கும், கண்ணு டிவியில இருக்கும். பாதி விழா ஓடின பிறகு அப்பாயி கேட்டுச்சு:

"ஏன்டா தம்பி, குடுக்குறதும் இவுங்களே, வாங்குறதும் இவுங்களேவா? அடுத்த டிவியில நடிக்கிற புள்ளைங்களுக்கு ஒண்ணும் கிடையாதா?"

"இது அவங்க டிவி நடத்துற விழா அப்பாயி" என்றேன்.

"அப்படின்னா இது வீட்டு விசேஷம்னு சொல்லு. பரிசுன்னு ஏன் சொல்றாங்க?"

அன்னைக்குச் சிரிச்சிட்டு விட்டுட்டேன். பிறகு ஒவ்வொரு விருது விழா பார்க்கும்போதும் அந்தக் கேள்வி கூடவே வந்தது. தேடிப் படிச்சதில் எனக்குப் புரிந்ததை இங்கே எழுதி வைக்கிறேன்.

வீட்டு விசேஷத்தின் கணக்கு

2014-ல் விஜய் டிவி 'விஜய் டெலிவிஷன் விருதுகள்' ஆரம்பித்தது. 2018-ல் ஜீ தமிழ் 'குடும்பம் விருதுகள்' கொண்டுவந்தது. ரெண்டு சேனல் பெயரிலேயே 'குடும்பம்' என்று வைத்திருப்பதைக் கவனியுங்கள். அப்பாயி சொன்னதை அவங்களே ஒத்துக்கிட்ட மாதிரிதான்.

ஒரு சேனல் ஏன் தனக்குத் தானே விருது கொடுக்கணும்? கணக்கு எளிமையானது. ஒரு நாள் ராத்திரி எடுக்கிற விழாவை ரெண்டு ஞாயிற்றுக்கிழமைக்கு நீட்டி ஒளிபரப்பலாம். 'வழங்குவது', 'இணைந்து வழங்குவது' என்று விளம்பரதாரர் வரிசை நிற்கும். அடுத்த மாசம் வரப்போற புது சீரியலின் நாயகியை மேடையில் ஒரு ஆட்டம் ஆட வைத்து அறிமுகம் செய்துவிடலாம். எட்டு மணி சீரியலை மட்டும் பார்க்கிறவங்க, ஒன்பது மணி சீரியலில் யார் யார் இருக்காங்க என்று தெரிஞ்சுக்குவாங்க.

இன்னொரு காரணமும் உண்டு. வாரம் ஆறு நாள் ஒளிபரப்பாகும் தொடர் என்றால், கிட்டத்தட்ட தினம் ஒரு எபிசோடுக்கான காட்சிகளை எடுத்தாகணும். அப்படி வருஷம் முழுக்க உழைக்கிறவங்களை மனசு கோணாமல் வைத்திருக்கணும். அதனால்தான் சிறந்த நாயகி, சிறந்த ஜோடி, சிறந்த மாமியார், சிறந்த மருமகள் என்று பிரிவுகள் பெருகிக்கொண்டே போகுது. கல்யாண வீட்டில் எல்லாருக்கும் தாம்பூலப் பை கொடுக்கிற மாதிரி. யாரும் வெறுங்கையோட போகக்கூடாது.

இதைக் குறையா மட்டும் சொல்லவில்லை. 'சித்தி' 2001-ல் முடிந்தது, 'மெட்டி ஒலி' 2005-ல், 'கோலங்கள்' 2009-ல். தமிழ்நாட்டுச் சாயங்காலங்களையே பிடித்து வைத்திருந்த இந்தத் தொடர்கள் ஓடிய காலத்தில் சன் டிவியில் இப்படி ஒரு மேடையே கிடையாது. அந்த வகையில் வீட்டு விசேஷமும் ஒரு மரியாதைதான். ஆனால் அதை வெளியாள் தரும் தீர்ப்பு என்று எடுத்துக்கொள்ள முடியாது.

வெளியாள் தீர்ப்பு எப்படி இருக்கும்?

இதற்கு எம்மி விருதைப் பார்க்கலாம். 1949 ஜனவரியில் லாஸ் ஏஞ்சல்ஸில் ஆரம்பித்தது. முதல் வருஷம் மொத்தமே ஆறு விருதுதான். முதலில் வாங்கியது ஷெர்லி டின்ஸ்டேல் என்ற, பொம்மையைப் பேச வைக்கிற இளம்பெண்.

பிரைம்டைம் எம்மியை எந்த சேனலும் சொந்தமாக நடத்தவில்லை. தொலைக்காட்சித் தொழிலில் இருப்பவர்களின் அகாடமி ஒன்று நடத்துகிறது. எழுத்தாளர்கள் எழுத்தாளர்களையும், நடிகர்கள் நடிகர்களையும் பரிந்துரைக்கிறார்கள். ஒளிபரப்பை மட்டும் ஏபிசி, சிபிஎஸ், ஃபாக்ஸ், என்பிசி நான்கும் முறை வைத்து மாற்றி மாற்றிச் செய்து வந்திருக்கின்றன. 2015-ல் விழாவை ஒளிபரப்பியது ஃபாக்ஸ். அந்த வருஷம் 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' 12 எம்மிகளை அள்ளிக்கொண்டு போனது; அது எச்பிஓ தொடர். அடுத்த வீட்டுக்காரன் ஜெயிப்பதை நம்ம வீட்டுத் திண்ணையில் உட்கார வைத்துக் காட்டுகிற மாதிரி.

எனக்கு அதைவிடப் பிடித்தது சூசன் லூச்சி கதை. பகல் நேர சீரியல் நடிகை, ஏறக்குறைய நம்ம மெகா தொடர் நாயகி மாதிரி. 'ஆல் மை சில்ட்ரன்' தொடரில் 1970-லிருந்து எரிகா கேன் என்ற பாத்திரம். அமெரிக்காவில் அவரைத் தெரியாத வீடு இல்லை. ஆனால் பகல் நேர எம்மிக்கு 18 தடவை பரிந்துரைக்கப்பட்டு 18 தடவையும் தோற்றார். 19-வது தடவை, 1999-ல்தான் ஜெயித்தார். அவர் பெயரை அறிவித்தவர் ஷெமர் மூர், போட்டி சேனலின் தொடரில் நடித்துக்கொண்டிருந்தவர். அரங்கமே எழுந்து நின்று ரொம்ப நேரம் கைதட்டியது.

நம்ம ஊரில் ஒரு சேனலின் முதல் நாயகி அந்த சேனல் விழாவிலேயே 18 வருஷம் தோற்பதை நினைத்துப் பார்க்க முடியுமா? மூணாவது வருஷமே அவருக்கென்று புதுசா ஒரு பிரிவு உண்டாக்கிவிடுவார்கள். அந்த 18 தோல்விதான் 19-வது வெற்றிக்கு எடை கொடுத்தது. எம்மியிலும் குறை உண்டு. நிறுவனங்கள் ஓட்டுக்காகப் பணம் கொட்டி விளம்பரம் செய்கின்றன. ஆனாலும் தோற்க வாய்ப்பு இருக்கிறது என்பதே பெரிய விஷயம்.

நம்ம ஊர் வெளியாள்

நமக்கும் அப்படி ஒரு வெளியாள் உண்டு. தமிழ்நாடு அரசின் சின்னத்திரை விருதுகள். எந்த சேனல் தொடரும் போட்டியில் இருக்கலாம். தேர்வு செய்வது அரசு அமைக்கும் குழு. முகம் தெரிந்தவர்களோடு, கதை, வசனம், ஒளிப்பதிவு என்று திரைக்குப் பின்னால் இருப்பவர்களுக்கும் இடம் உண்டு. இது முக்கியம். வெளிமாநிலத்திலிருந்து வந்து நடிக்கும் பல நாயகிகளுக்குக் குரல் கொடுப்பது வேறொரு பெண். நாம் அழுததில் பாதி அந்தக் குரலுக்காகத்தான். ரசிகர் ஓட்டு வைத்தால் அந்தக் குரல் ஒருநாளும் ஜெயிக்காது. தொழில் தெரிந்த குழுதான் அதைக் கண்டுபிடிக்கும்.

அப்பாயி கேள்விக்குச் சரியான பதில் இதுதான். ஆனால் பதில் வந்த நேரம்தான் வேதனை. 2009 முதல் 2013 வரை ஐந்து வருஷ சின்னத்திரை விருதுகளை மொத்தமாக 2017 ஜூலையில் அறிவித்தார்கள். கையில் கொடுத்தது 2022 செப்டம்பர் 4, சென்னை கலைவாணர் அரங்கத்தில். 2009-க்கான பரிசு 13 வருஷம் கழித்து. 2009 முதல் 2014 வரையிலான திரைப்பட விருதுகளும் அதே மேடையில்தான். 2009-ல் பத்து வயசுப் பிள்ளையாக நடித்த ஒருவர் பரிசு வாங்க அந்த மேடை ஏறியிருந்தால் 23 வயசு. தொடர் முடிந்து, அந்த நேரத்துக்கு வேறு தொடர் வந்து, அதுவும் முடிந்திருக்கும்.

தாமதம் வெறும் நிர்வாகக் குறை மட்டும் இல்லை. விருது அதைக் கொடுப்பவரின் நேர்மையால் மட்டும் மதிப்புப் பெறுவதில்லை. "நான் அப்பவே சொன்னேன்ல" என்று வீட்டில் சொல்லிக்கொள்ள, பார்த்தவர்களும் இருக்கணும். சேனல் விழா நியாயம் இல்லாமல் நேரத்துக்கு வருது. அரசு விருது நியாயமாக வந்தும் நேரம் தவறிடுது. ரெண்டுக்கும் நடுவில் ஏமாந்தது உழைத்தவங்களும், அவங்களைத் தினம் பார்த்தவங்களும்தான்.

இனி எந்த விருது விழா பார்த்தாலும் ஒரே ஒரு கேள்வி கேட்டுப் பாருங்கள்: நடத்துகிறவரின் ஆளே இதில் தோற்க முடியுமா? முடியும் என்றால் அது விருது. முடியாது என்றால் வீட்டு விசேஷம். சந்தோஷமாகப் பார்த்துவிட்டுச் சாப்பிடப் போகலாம்.

2017-ல் அந்தப் பட்டியல் வந்த அன்னைக்கு, ஜெயங்கொண்டத்திலிருந்து வரும் பஸ்ஸில் உட்கார்ந்து போனில் முழுசும் படித்தேன். வெவ்வேறு டிவி, வெவ்வேறு தொடர், எல்லாம் ஒரே பட்டியலில். அப்பாயி ஆசைப்பட்டது அதுதான். ஆண்டிமடத்தில் இறங்கி வீட்டுக்குப் போனேன். டிவி அதே இடத்தில் இருந்தது. அப்பாயி போய் ஒரு வருஷம் ஆகியிருந்தது.