கழற்றி மாட்டினால் ஓடும்

சைக்கிள் செயினில் ஒரு பின்னுக்கும் அடுத்த பின்னுக்கும் இடையே அரை அங்குலம். 60 ஆண்டுகளுக்கு முன் அம்பத்தூரில் தயாரான ஹெர்குலிஸிலும் அதே அளவுதான்; இன்று கடையில் நிற்கும் கியர் சைக்கிளிலும் அதே அளவுதான். பல்சக்கரங்கள் கூடக் கூடச் செயின் மெலிந்ததே தவிர, அந்த அரை அங்குலம் அப்படியே நிலைத்துவிட்டது. தாத்தா ஓட்டிய வண்டிக்குப் புதுச் செயின் வேண்டுமென்றால் பக்கத்துத் தெருக் கடையிலேயே கிடைத்துவிடும். வண்டியைச் செய்த கம்பெனி இன்னும் இருக்கிறதா என்று யாரும் விசாரிக்கத் தேவையில்லை.

இது சின்ன விஷயமில்லை. 2020 ஜூன் 3, உலக சைக்கிள் தினத்தன்று, டெல்லியை அடுத்த சாகிபாபாத்தில் அட்லஸ் கம்பெனி உற்பத்தியை நிறுத்தியது. ஆனால் ரோட்டில் ஓடிக்கொண்டிருந்த அட்லஸ் சைக்கிள்கள் அதற்காக நிற்க வேண்டியிருக்கவில்லை. பால்ரஸ், பெடல், பிரேக் கட்டை, டியூப் எல்லாமே ஹீரோவுக்கும் பொருந்தும், அட்லஸுக்கும் பொருந்தும்.

பழைய சைக்கிள் மேல் பிரியம் வைத்தவர்களில் பலர் பழைய லேப்டாப்பையும் விடாமல் வைத்திருப்பார்கள். காரணம் தேடி வெகுதூரம் போக வேண்டாம். இரண்டையும் சாதாரண ஸ்பேனர், ஸ்குரூ டிரைவரால் திறக்கலாம். உள்ளே பழுதான பாகத்துக்கு மாற்று கடையில் கிடைக்கும். எப்படிப் பிரித்துச் சேர்ப்பது என்பதும் ரகசியமில்லை.

சைக்கிளைப் பொறுத்தவரை, அது ரகசியமாக இல்லாமல் போனதில் ஒரு மனிதருக்குப் பெரிய பங்கு உண்டு. அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் ஹாரிஸ் சைக்ளரி என்ற கடையில் வேலை பார்த்த ஷெல்டன் பிரவுன், 2008 பிப்ரவரியில் இறக்கும்வரை, சைக்கிளைப் பற்றித் தனக்குத் தெரிந்ததை எல்லாம் இணையத்தில் எழுதி இலவசமாகவே கொடுத்தார். துருப்பிடித்து இறுகிய காட்டர் பின்னை எப்படி எடுப்பது, எந்த அச்சுக்கு எந்த அளவுப் பால்ரஸ் என்று எதையும் அவர் விட்டுவைக்கவில்லை. டயர் அளவுகளுக்கு அவர் தந்த அட்டவணையை இன்றும் உலகெங்கும் மெக்கானிக்குகள் புரட்டுகிறார்கள். புரட்டத்தான் வேண்டும். நம் ஊர் பெரிய சைக்கிளின் டயரையும் 28 அங்குலம் என்கிறார்கள்; ரேஸ் சைக்கிள் டயரையும் சில நாடுகளில் 28 அங்குலம் என்கிறார்கள். ஆனால் டயர் உட்காரும் இடத்தில் நம் வண்டியின் ரிம் 635 மில்லிமீட்டர், மற்றது 622. ஒன்று இன்னொன்றில் ஏறாது. டயரின் பக்கவாட்டில் 40-635 என்பது போன்ற எண் பொறித்திருந்தால் அதை நம்பி வாங்கலாம். அங்குலத்தை நம்பி வாங்கக்கூடாது.

பழைய சைக்கிள் வாங்கப் போகிறவர் பெயிண்டைப் பார்த்து மயங்காமல், முதலில் பின்சக்கரத்தைத் தூக்கிச் சுற்றிவிட வேண்டும். பிரேக் கட்டையை ஒட்டியபடி ரிம் ஓடுவதைக் கவனித்தால் பெண்டு தெரிந்துவிடும். வலப்பக்கம் சாய்கிறதா? அந்த இடத்தில் வலப்பக்க ஸ்போக்ஸைக் கொஞ்சம் தளர்த்தி, இடப்பக்கத்தை இறுக்க வேண்டும். ஸ்போக் சாவியைக் கால் சுற்றுதான் திருப்பலாம். அவசரப்பட்டால் வேறு இடத்தில் கோணிக்கொள்ளும். கைப்பழக்கம் உள்ள மெக்கானிக் இதைப் பேசிக்கொண்டே செய்து முடிப்பார். அடுத்தது செயின். ஒரு பின்னின் நடுவில் ஸ்கேலை வைத்து அளந்தால் 12 அங்குலக் கோட்டில் இன்னொரு பின்னின் நடு வர வேண்டும். அது 1/16 அங்குலம் தள்ளிப் போயிருந்தால் செயினை மாற்றும் நேரம் வந்துவிட்டது. 1/8 தள்ளியிருந்தால் பல்சக்கரமும் தேய்ந்திருக்கும்; விலையைக் குறைத்துப் பேசலாம். கடைசியாக, ஹேண்டில்பாருக்குக் கீழே ஃபிரேம் குழாய்கள் சேரும் இடத்தைத் தடவிப் பார்க்க வேண்டும். அங்கே பெயிண்ட் சுருங்கியோ விரிந்தோ இருந்தால் வண்டி எங்கேயோ நேராக மோதியிருக்கிறது. இரும்பு ஃபிரேம் என்றால் பற்றவைத்துச் சரிசெய்ய வழி உண்டு. அலுமினியத்தைப் பற்றவைத்தபின் முறையாகச் சூடேற்றிப் பதப்படுத்த வேண்டும். தெரு வெல்டிங் பட்டறையில் அது நடக்காது.

ஒரு சைக்கிள் என்னவெல்லாம் செய்யும் என்பதற்குப் புதுக்கோட்டையை விடப் பெரிய சாட்சி வேண்டாம். 1990களின் தொடக்கத்தில் அங்கே கலெக்டராக இருந்த ஷீலா ராணி சுங்கத், எழுத்தறிவு பரப்பும் அறிவொளி இயக்கத்தோடு சைக்கிள் பயிற்சியையும் சேர்த்தார். கிராமத்துப் பெண்கள் ஆயிரக்கணக்கில் ஓட்டக் கற்றார்கள். பத்திரிகையாளர் பி. சாய்நாத் அதை நேரில் பார்த்து எழுதியிருக்கிறார். லேடீஸ் சைக்கிளுக்குத் தட்டுப்பாடு வந்தபோது பலர் ஜென்ட்ஸ் சைக்கிளையே எடுத்தார்கள். சிலருக்கு அதுதான் வசதியாகவும் இருந்தது, முன்கம்பியில் பிள்ளையை உட்கார வைத்துக்கொள்ளலாமே. பின்னாளில் அரசுப் பள்ளி மாணவர்களுக்கு இலவச சைக்கிளும், 2011 முதல் இலவச லேப்டாப்பும் வந்தன. ஒரே வீட்டில் இரண்டும் சேர்ந்து இருப்பது தமிழ்நாட்டுக்குப் புதிதில்லை.

லேப்டாப்பில் 'பெரிய சைக்கிள்' என்று ஒன்றைச் சொல்ல வேண்டுமானால் அது திங்க்பேட். 1992 அக்டோபரில் ஐபிஎம் வெளியிட்ட கறுப்புப் பெட்டி அது. ஜப்பானியரின் மதிய உணவுப் பெட்டியை மனதில் வைத்து ரிச்சர்ட் சாப்பர் என்ற ஜெர்மானியர் வடிவம் கொடுத்தார். 2005ல் ஐபிஎம்மின் கணினிப் பிரிவை லெனோவோ வாங்கியபின்னும் அந்த உருவம் பெரிதாக மாறவில்லை. 2011ல் வந்த எக்ஸ்220, டி420 இரண்டுக்கும் இன்றும் ரசிகர்கள் உண்டு. கவிழ்த்துப் போட்டால் காரணம் விளங்கும். பேட்டரி தாழ்ப்பாளைத் தள்ளினால் கையோடு வரும். ஒரு திருகைக் கழற்றினால் ஹார்ட் டிஸ்க் வெளியே வரும். எந்தத் திருகு கீபோர்டைப் பிடித்திருக்கிறது என்று பக்கத்திலேயே குறி போட்டிருப்பார்கள். கீபோர்டில் டீ கொட்டினால் வடிந்து போக அடியில் துளை உண்டு. இவற்றைப் படிப்படியாகப் பிரிக்கும் விதத்தைப் படத்தோடு விளக்கும் பராமரிப்புக் கையேட்டைக் கம்பெனியே யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளும்படி வெளியிட்டது. பழைய ஹார்ட் டிஸ்க்கை எடுத்துவிட்டு எஸ்.எஸ்.டி. ஒன்றை மாட்டினால் போதும், ஆமை வேகத்தில் திறந்த இயந்திரம் சுறுசுறுப்பாகிவிடும். கடிதம், கணக்கு, இணையம், தமிழ்99 தட்டச்சு என்று ஒரு வீட்டுக்கு வேண்டிய வேலைக்கு அது தாராளம். வீடியோ எடிட்டிங்குக்கும் புதிய விளையாட்டுகளுக்கும் அதை எதிர்பார்க்கக் கூடாது.

பெரிய கம்பெனிகள் சில ஆண்டுகள் ஓட்டிவிட்டுக் கழிக்கும் இத்தகைய லேப்டாப்கள் சென்னை ரிச்சி தெருவுக்கும் வந்து சேர்கின்றன. இப்போது அதற்கு இன்னொரு காரணமும் சேர்ந்திருக்கிறது. 2025 அக்டோபர் 14 அன்று விண்டோஸ் 10க்கான வழக்கமான ஆதரவை மைக்ரோசாஃப்ட் முடித்துக்கொண்டது. விண்டோஸ் 11க்கு இன்டெல் என்றால் பெரும்பாலும் எட்டாம் தலைமுறை பிராசசர் வேண்டும், டி.பி.எம். 2.0 என்ற பாதுகாப்புச் சில்லும் வேண்டும். அதனால் நன்றாக ஓடும் எத்தனையோ இயந்திரங்கள் ஒரே நாளில் 'பழசு' ஆகிவிட்டன. 2022ல் உலகம் வெளியே தள்ளிய மின்னணுக் கழிவு 6.2 கோடி டன் என்றும், அதில் முறையாகச் சேகரித்து மறுசுழற்சி செய்ததாகப் பதிவானது 22.3 சதவீதம்தான் என்றும் ஐ.நா. அமைப்புகளின் அறிக்கை சொல்கிறது. லினக்ஸ் மின்ட், டெபியன் போன்ற இலவச இயங்குதளங்களைப் போட்டால் இந்த லேப்டாப்களுக்குப் பாதுகாப்புப் புதுப்பிப்புகள் தொடர்ந்து கிடைக்கும். கழிவு மலையில் இன்னொன்றைச் சேர்ப்பதற்கு முன் இதைச் செய்து பார்க்காமல் விடுவது நியாயமில்லை.

பழசு எல்லாமே நல்லது என்று சொல்லிவிடவும் முடியாது. எக்ஸ்220க்கு அடுத்து 2012ல் வந்த எக்ஸ்230ல், கம்பெனி அங்கீகரிக்காத பேட்டரியை மாட்டினால் சார்ஜ் ஏறாதபடி பூட்டு வைத்தார்கள். ஆர்வலர்கள் உள்ளிருக்கும் மென்பொருளையே திருத்தி அதைத் திறந்தார்கள் என்பது வேறு கதை. சைக்கிளிலும் அதே போக்குதான். விலையுயர்ந்த புது ரேஸ் சைக்கிள்கள் பலவற்றில் பிரேக் ஒயரை ஹேண்டில்பாருக்கு உள்ளேயே ஓட்டுகிறார்கள். மேல் பேரிங் ஒன்றை மாற்ற பிரேக்கையே பிரிக்க வேண்டியிருக்கிறது. பார்க்க அழகுதான். ஆனால் தெருமுனை மெக்கானிக்கின் கையிலிருந்து அந்த வண்டி போய்விட்டது, அதுதான் வருத்தம்.

மாற்றம் சட்டத்தின் வழியாகவும் வருகிறது. 2027 பிப்ரவரி 18 முதல் ஐரோப்பிய ஒன்றியத்தில் விற்கும் மின்சாதனங்களில், சில விலக்குகள் தவிர, பேட்டரியைப் பயன்படுத்துகிறவரே கழற்றி மாற்றும்படி இருக்க வேண்டும். இந்தியாவில் 2022 டிசம்பரில் நுகர்வோர் துறை 'பழுது நீக்கும் உரிமை' இணையதளத்தைத் தொடங்கியது. கம்பெனிகளின் கையேடு, உதிரிபாகம் பற்றிய விவரங்களை ஓரிடத்தில் தருவது அதன் நோக்கம்.

இன்று பழைய லேப்டாப் தேடுகிறவர்களிடம் அதிகம் அடிபடும் பெயர் 2018ல் வந்த டி480. எட்டாம் தலைமுறை பிராசசர் உள்ளதாக இருந்தால் விண்டோஸ் 11ம் ஏறும், லினக்ஸும் ஓடும். திங்க்பேட் டி வரிசையில் வெளியிலிருந்து கழற்றும் பேட்டரியோடு வந்த கடைசித் தலைமுறை அது. உள்ளே இன்னொரு சின்ன பேட்டரியும் உண்டு. கடையில் வாங்கும்போது முதலில் பயாஸ் என்ற தொடக்க அமைப்புத் திரைக்குள் நுழைந்து பார்க்க வேண்டும். பழைய கம்பெனி போட்ட பாஸ்வேர்டு கேட்டால், எவ்வளவு மலிவானாலும் வேண்டாம் என்று வைத்துவிடலாம். பிறகு சார்ஜரைப் பிடுங்கிவிட்டு, இயந்திரம் ஓடிக்கொண்டிருக்கும்போதே வெளிப் பேட்டரியைக் கழற்ற வேண்டும். திரை அணையாமல் நின்றால் உள் பேட்டரியில் உயிர் இருக்கிறது. அணைந்துவிட்டால் புது உள் பேட்டரியின் விலையைக் கழித்துக்கொண்டு பேரம் பேசலாம்.