மனைக்கு மேல் மின்பாதை: நம் உரிமை என்ன?

கிடங்கு கட்ட வாங்கிய மனைக்கு மேல் உயர் அழுத்த மின்பாதை வந்தால் தடுக்க முடியுமா? பெரும்பாலும் முடியாது. 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 164ஆம் பிரிவில் அதிகாரம் பெற்ற நிறுவனம், 1885ஆம் ஆண்டு தந்திச் சட்டப்படி பாதை போடலாம். உரிமையாளரின் முன்சம்மதம் தேவையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2016இல் தீர்ப்பளித்தது. மறித்தால் மாவட்ட ஆட்சியர் அனுமதி வழங்கலாம்.

ஆனால் நிலம் நம்முடையதே. அவர்களுக்குப் பயன்பாட்டு உரிமை மட்டும்தான். சேதத்துக்கு முழு இழப்பீடு தர வேண்டும்.

தொகை போதாதெனில் மாவட்ட நீதிபதியிடம் மனுச் செய்யலாம். விருதுநகர் மாவட்டத்தின் தலைமை நீதிமன்றம் ஸ்ரீவில்லிபுத்தூரில் இருப்பதால் ராஜபாளையம் வணிகர்களுக்கு அலைச்சல் இல்லை. நிலம் இருக்கும் இடம், கம்பி ஓரமாகப் போகிறதா, நடுவே பிளக்கிறதா என்பதையும் பார்க்க வேண்டும் என்று 2007இல் கேரள மின்வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது.

பின்னர் கட்டடம் எழுப்ப, அதே நிலத்தில் பாதையை நகர்த்தவோ உயர்த்தவோ 17ஆம் பிரிவின்படி கேட்கலாம். இழப்பீடு வாங்கியிருந்தால், மாற்றும் செலவு அல்லது வாங்கியதில் பாதி, எது குறைவோ அதைக் கட்ட வேண்டும்.

பத்திரம், பட்டா, மரக்கணக்கு, புகைப்படம் ஆகியவற்றைப் பத்திரப்படுத்துங்கள். படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.