அரசாளு ஸ்டேஷனில் ஒரு மால்குடி

தொலைக்காட்சியில் இலக்கிய நிகழ்ச்சி என்றதும் நம்மில் பலர் எழுந்து போய்விடுவது வழக்கம். இரண்டு நாற்காலிகள், நடுவே ஒரு பூச்சாடி, ஓர் எழுத்தாளரைப் பற்றி இருவர் பேச்சு. புத்தகத்தை முன்பே படித்தவருக்கு அது விளங்கும். மற்றவருக்குக் கொட்டாவிதான் வரும்.

இதை மாற்றிக் காட்டிய தொடர் ஒன்று நாம் வாழும் கர்நாடகத்தில்தான் உருவாயிற்று. ஆர்.கே.நாராயணின் கதைகளைக் கன்னட நடிகர் சங்கர் நாக் இயக்கிய 'மால்குடி டேஸ்', 1980-களின் பிற்பகுதியில் தூர்தர்ஷனில் வந்தது. கதையைப் பற்றிப் பேசாமல், கதையையே நடத்திக் காட்டினார்கள். மழைக்குப் பெயர்போன ஆகும்பே கிராமம் மால்குடியாயிற்று. ரயில் நிலையக் காட்சிகளுக்குச் சிவமொக்கா - தாளகுப்பா பாதையிலுள்ள அரசாளு ஸ்டேஷன் உதவிற்று. சிறுவன் சுவாமியாக மாஸ்டர் மஞ்சுநாத் நடித்தார்.

நாராயண் 1906-ல் சென்னையில் பிறந்தவர். மைசூரில் வாழ்ந்து ஆங்கிலத்தில் எழுதியவர். சுவாமியின் கதை 1935-ல் லண்டனில் வெளியாயிற்று. தொடருக்கு இசை நம் எல்.வைத்தியநாதன். நாட்டு மக்களில் பெரும்பாலோர் பார்த்ததோ இந்தியில். இத்தனை மொழிகளைக் கடந்தும் கதை கெடவில்லை.

வெளிமாநிலத் தமிழர்களாகிய நாம் கவனிக்க வேண்டியது இதுவே. நம் பிள்ளைகள் பள்ளியில் கன்னடமும் ஆங்கிலமும் படிக்கிறார்கள். வீட்டில் தமிழ் பேசினாலும், தமிழ் எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரியாதவர் பலர். புதுமைப்பித்தனும் ஜெயகாந்தனும் அவர்களுக்கு வெறும் பெயர்கள். ஆனால் தமிழைக் கேட்டால் புரியும். அப்படிப்பட்ட பிள்ளைக்கு நாற்காலிப் பேச்சால் என்ன பயன்? நல்ல சிறுகதை அரை மணி நேர நாடகமாக வந்தால் கடைசிவரை பார்ப்பான்.

நம்மைப் போன்றவர்களின் கதையே தமிழில் இருக்கிறது. செகந்தராபாத்தில் பிறந்து வளர்ந்த அசோகமித்திரனின் '18-வது அட்சக்கோடு' 1977-ல் வெளிவந்த நாவல். ஐதராபாத் இந்தியாவோடு இணைந்த 1948-ஆம் ஆண்டுக் கலவர நாட்களில், வேற்று மொழிக்காரர் நடுவே வளரும் ஒரு தமிழ்ப் பையனின் கதை அது. பெங்களூரிலோ பம்பாயிலோ வளரும் தமிழ்ப் பையன் அதில் தன்னைக் காண்பான்.

அரசாளுவின் பழைய ஸ்டேஷன் கட்டடம் 2020-ல் மால்குடி அருங்காட்சியகமாயிற்று. ஒரு கதைத் தொடருக்கு ரயில்வே அளித்த மரியாதை அது. விடுமுறையில் பிள்ளைகளை அங்கே அழைத்துச் செல்லலாம். அதற்கு முன், இரவில் ஒரு தமிழ்க் கதையை நாமே வாய்விட்டுப் படித்துக் காட்டலாம். நம் கதைகளை நாடகமாக்கும் வேலையைத் தொலைக்காட்சியார் கவனிப்பார்களாக!