வெயிட்டேஜ் வழக்கும் காத்திருந்த ஆசிரியர்களும்

ஆசிரியர் பயிற்சி முடித்த மகளோ மருமகளோ இல்லாத குடும்பங்கள் நம் பங்குகளில் குறைவு. பட்டமும் பி.எட். சான்றிதழும் பெட்டியில் உறங்க, தையல் வேலையிலும் டியூஷனிலும் நாளைக் கழிக்கும் சகோதரிகளை நாம் அறிவோம். அரசு வேலை ஏன் வரவில்லை என்று கேட்டால், அவர்கள் கூறும் விடையில் 'வெயிட்டேஜ்' என்ற சொல் தவறாமல் இடம்பெறும். அச்சொல்லின் பின்னே உள்ள நீண்ட வழக்கினைச் சற்று விளக்க விரும்புகிறோம்.

முன்னாளில் வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பெயரைப் பதிந்துவிட்டுப் பொறுமையோடு இருந்தால், பதிவு மூப்பின்படி என்றேனும் ஒருநாள் அழைப்பு வரும். 2009-ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டத்திற்குப் பின் ஆசிரியர் தகுதித் தேர்வு கட்டாயமாயிற்று. தமிழகத்தில் முதல் தேர்வு 2012 ஜூலையில் நடந்தது. மொத்தம் 150 மதிப்பெண். அதில் 90 பெற்றால் தேர்ச்சி. நூற்றுக்கு ஒருவர்கூடத் தேறவில்லை!

தேறியவர்களுள் யாருக்கு முதலில் வேலை கொடுப்பது? இங்கேதான் சிக்கல் தொடங்கியது. தகுதித் தேர்வுக்கு 60, பிளஸ் டூ, பட்டம், பி.எட். ஆகியவற்றில் முன்பு பெற்ற மதிப்பெண்களுக்கு 40 என்று 2012 அக்டோபரில் அரசாணை பிறந்தது. அதன்படி, தகுதித் தேர்வில் 60 விழுக்காடு எடுத்தவருக்கும் 69 எடுத்தவருக்கும் ஒரே வெயிட்டேஜ்! இது நியாயமன்று எனச் சென்னை உயர் நீதிமன்றம் 2014 ஏப்ரலில் அதனைத் தள்ளியது. அடுத்த மாதமே, பெற்ற விழுக்காட்டிற்கு நேர் விகிதமாகக் கணக்கிடும் புதிய ஆணை வந்தது. ஆனால் பழைய மதிப்பெண்களுக்கான 40 அப்படியே நின்றது.

அதன் விளைவை ஒரு கணக்கால் காண்போம். மூத்தவர் ஒருவர் தகுதித் தேர்வில் 105 எடுக்கிறார், இளையவர் 95. மூத்தவர் பிளஸ் டூவில் 60, பட்டத்தில் 55, பி.எட்.டில் 65 விழுக்காடு பெற்றவர். இளையவரோ முறையே 90, 80, 85. கூட்டிப் பார்த்தால் மூத்தவருக்கு 66, இளையவருக்கு 71.75. தேர்வில் 10 மதிப்பெண் கூடுதலாக எடுத்தவர் பின்னுக்குப் போகிறார். முற்காலத்தில் திருத்துவோர் எவ்வளவு கை இறுக்கமாக மதிப்பெண் இட்டனர் என்பதை நம்மில் வயதானோர் அறிவர். என்றோ எழுதிய அத்தேர்வை இன்று யாரால் திருத்தி எழுத முடியும்?

இதற்கிடையே இன்னொரு வழக்கு. 2013 ஆகஸ்டில் நடந்த தேர்வுக்கு, 2014 பிப்ரவரியில் இட ஒதுக்கீட்டுப் பிரிவினர்க்கு 5 விழுக்காடு சலுகை அளிக்கப்பட்டது; 82 எடுத்தவரும் தேறினர். தேர்வு முடிந்தபின் விதியை மாற்றலாமா என்று 90-க்கு மேல் எடுத்தோர் வழக்குத் தொடுத்தனர். சென்னையில் சலுகை செல்லும் எனத் தீர்ப்பு; மதுரைக் கிளையிலோ செல்லாது எனத் தீர்ப்பு! ஒரே உயர் நீதிமன்றத்தின் இருவேறு குரல்களால் குழம்பிய குடும்பங்கள் எத்தனையோ.

2016 நவம்பர் 9 அன்று உச்ச நீதிமன்றம் சலுகை, வெயிட்டேஜ் இரண்டும் செல்லும் என்று முடித்தது. சலுகையைப் பொறுத்தவரை அத்தீர்ப்பு சரியென்றே நமக்குத் தோன்றுகிறது. தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்தின் நெறிமுறைகளே அதற்கு இடம் தந்திருந்தன. வெயிட்டேஜைப் பற்றி நம் மனம் இன்னும் ஒப்பவில்லை. சட்டப்படி ஓர் அரசுக்கு உள்ள உரிமை வேறு, காத்திருந்தவர் பட்ட இழப்பு வேறு.

விந்தை என்னவெனில், நீதிமன்றத்தில் வென்ற அம்முறையை அரசே 2018-இல் கைவிட்டது. தகுதித் தேர்வில் தேறியோர் இன்னொரு போட்டித் தேர்வும் எழுத வேண்டும் என்றது புதிய ஆணை. பட்டதாரி ஆசிரியர்க்கான அப்போட்டித் தேர்வு நடந்ததோ 2024 பிப்ரவரி 4 அன்று. இடைநிலை ஆசிரியர்க்கு அதே ஆண்டு ஜூலை 21. 2013-இல் முப்பத்தைந்து வயதில் தேறிய ஒரு தாய், நாற்பத்தைந்தைக் கடந்து, கல்லூரி செல்லும் மகளோடு அமர்ந்து மீண்டும் பாடம் படிக்க வேண்டியதாயிற்று.

ஒரு செய்தியை மட்டும் அத்தகையோர்க்குத் தெரிவிக்கிறோம். தகுதித் தேர்வுச் சான்றிதழ் ஏழாண்டுகளுக்கே செல்லும் என்றிருந்த விதி 2021-இல் நீக்கப்பட்டது. 2011 முதல் வழங்கப்பட்ட சான்றிதழ்கள் யாவும் வாழ்நாள் முழுவதும் செல்லும். பழையது என்று எண்ணி அதை எறிந்துவிட வேண்டாம்.