தங்கிவாழ்வோர் யார்?

தொழில் புரியுமிடத்தில் விபத்துக்குள்ளாகி ஒருவர் உயிரிழந்ததும், தொழில்தருநர் மரணச் செலவுக்கென ஒரு தொகையைக் கையளித்து ஒரு தாளில் கையொப்பம் பெற்றுக்கொள்வதும், அத்துடன் விடயம் முடிந்துவிட்டதாகக் குடும்பத்தினர் கருதிவிடுவதும் நமது பகுதிகளில் புதிதல்ல. 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கத் தொழிலாளர் நட்டஈட்டுக் கட்டளைச்சட்டத்தின் பிரகாரம், மரணத்துக்கான நட்டஈடு ஆணையாளரிடம் வைப்பிலிடப்பட வேண்டும். அதனைத் தங்கிவாழ்வோரிடையே பங்கிடுபவரும் அவரே. 2022ஆம் ஆண்டின் திருத்தம், ஐந்தரை இலட்சம் ரூபாவாகவிருந்த உச்சத் தொகையை 20 இலட்சமாக உயர்த்தியதுடன், வேலைக்குச் சென்று திரும்பும் வழியில் நேரும் விபத்தையும் உள்ளடக்கியது.

தங்கிவாழ்வோர் என்ற சொல்லிலேதான் சிக்கல் எழுகின்றது. அது வாரிசு என்பதன் மறுபெயரன்று. ஊழியர் சேமலாப நிதிக்குப் பின்னுரித்தாளியாகப் பெயர் குறிக்கப்பட்டவர், அக்காரணத்தை மட்டும் கொண்டு நட்டஈட்டுக்கு உரித்துடையவராகிவிட மாட்டார். மனைவி, சிறு பிள்ளைகள் விடயத்தில் உறவை நிறுவுவதே பெரும்பாலும் போதுமானதாகிவிடுகின்றது. ஆனால் பெற்றோரும் சகோதரிகளும் இறந்தவரின் உழைப்பில் வாழ்ந்தோம் என்பதைக் காட்ட வேண்டியுள்ளது.

'தகப்பனும் உழைக்கிறார்தானே, மகனை நம்பியா இருந்தீர்கள்?' என்ற கேள்வி இங்கு எழுவதுண்டு. இதற்கான விடை பழையது. 1897ஆம் ஆண்டின் பிரித்தானியச் சட்டம் முழுமையாகவோ பகுதியாகவோ தங்கியிருந்தவர்களை ஏற்றுக்கொண்டது. 1909இல் இங்கிலாந்தின் வெஸ்ட் ஸ்டான்லி நிலக்கரிச் சுரங்க வெடிப்பில் கணவனையும் புதல்வர்களையும் ஒருசேர இழந்த ஒரு தாயின் வழக்கில், அனைவரது கூலியும் ஒரே குடும்பச் செலவில் கலந்திருந்தமையால் அவர் புதல்வர்களிலும் தங்கியிருந்தவரே என 1910இல் பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. நமது வீடுகளில் பெரும்பாலானவை இன்றும் அவ்வாறே நடக்கின்றன.

எனினும் கையிற்கொடுத்த காசுக்குப் பற்றுச்சீட்டு ஏது? வங்கிப் புத்தகம், காசு அனுப்பிய துண்டு, சம்பளச் சீட்டு என்பன இருப்பின் நன்று. இல்லாதவிடத்து, மகன் மாதந்தோறும் தீர்த்துவந்த கடைக் கணக்குக் கொப்பியும், அக்கடைக்காரரின் சாட்சியமும், கிராம உத்தியோகத்தரின் அத்தாட்சியும் கைகொடுக்கலாம். இவற்றை மரணவீட்டின் பரபரப்பில் எரித்தும் எறிந்தும் விடுகிறோம்.

விவாகப் பதிவின்மையும் பலரைப் பின்வாங்கச் செய்கின்றது. 1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டத்தின்படி, பதிவு செய்யப்படாமை என்ற காரணத்தால் மட்டும் முறைப்படி நடந்த நிக்காஹ் செல்லுபடியற்றதாகிவிடாது. வழக்காற்று முறையிலான தமிழர் திருமணங்களையும் நமது நீதிமன்றங்கள் ஏற்றுக்கொண்டுள்ளன. ஆனால் நடந்ததை மெய்ப்பிக்கும் பொறுப்பு விதவையினுடையது. நிக்காஹ் நடத்திவைத்தவர், தாலி கட்டியதை நேரிற்கண்டவர்கள், பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழிலுள்ள தந்தையின் பெயர் ஆகியனவே அவளுக்குத் துணை.

தோட்டப் பகுதிகளில் அந்தப் பெயரே தடையாகிவிடுவதையும் குறிப்பிட வேண்டும். பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயர், அடையாள அட்டையில் வேறொன்று, செக்ரோல் பதிவில் மூன்றாவது. மூன்றும் ஒருவரே எனச் சத்தியக் கடதாசி முடித்துக்கொள்ளும் வேலை, ஆணையாளரின் விசாரணைத் தினத்துக்கு முன்னரே ஆகியிருக்க வேண்டும்.