வரைபடத்துக்கு வெளியே ஒரு கொடி

வகுப்புச் சுவரில் ஐரோப்பிய வரைபடம். குழந்தைகளின் பூர்விக ஊர்களில் ஆசிரியை சிறு கொடிகளைக் குத்துகிறார். ஆறு வயது ஜெங்க்கின் அப்பா துருக்கியின் அனத்தோலியாவைச் சேர்ந்தவர். வரைபடமோ இஸ்தான்புல்லோடு முடிந்துவிடுகிறது. ஆசிரியை அவன் கொடியை வரைபடத்துக்கு வெளியே, வெற்றிடத்தில் குத்துகிறார். விளையாட்டிலும் துருக்கி அணி, ஜெர்மன் அணி இரண்டுமே அவனைச் சேர்ப்பதில்லை. நாம் துருக்கியரா, ஜெர்மானியரா என்று வீட்டில் கேட்கிறான். பெரியவர்கள் ஆளுக்கொரு பதில் சொல்கிறார்கள்.

‘அல்மான்யா’ என்ற ஜெர்மன் நகைச்சுவைப் படத்தின் தொடக்கம் இது. துருக்கி மொழியில் ஜெர்மனியின் பெயர்தான் அல்மான்யா. 2011இல் வெளியான இப்படத்தை யாசெமின் ஷாம்தெரெலி இயக்கினார். தங்கை நெஸ்ரினுடன் சேர்ந்து திரைக்கதை எழுதினார்.

1961இல் மேற்கு ஜெர்மனியும் துருக்கியும் செய்துகொண்ட ஒப்பந்தத்தால் துருக்கியத் தொழிலாளர்கள் அங்கே சென்றனர். 1964இல் பத்து லட்சமாவது வெளிநாட்டுத் தொழிலாளராக வந்த போர்ச்சுகீசியருக்கு மொபெட் பரிசளித்து வரவேற்றார்கள். இது உண்மை நிகழ்வு. ஜெங்க்கின் தாத்தாவோ, படத்தின் கற்பனைப்படி, அவருக்கு அடுத்த ஆள்! குடும்பம் துருக்கிக்குப் பயணம் போகும்போது, தாத்தாவின் கதையை அத்தை மகள் ஜெங்க்குக்குச் சொல்கிறாள்.

அந்தப் பழைய கதையில் ஒரு வேடிக்கை உண்டு. துருக்கியக் குடும்பம் நல்ல ஜெர்மனில் பேசுகிறது. ஜெர்மானியர்கள் பேசுவதோ இட்டுக்கட்டிய, பொருளற்ற மொழி. கடைக்குப் போன அம்மா சைகையால் பால் கேட்கிறார்; கடைக்காரர் சொல்வது அவருக்கும் புரிவதில்லை, நமக்கும் புரிவதில்லை. ஜெர்மானியப் பார்வையாளரும் தம் சொந்த ஊரிலேயே அந்நியராகிவிடுகிறார். சிரித்துக்கொண்டே அந்தத் திகைப்பை உணர்கிறோம்.

நான் இப்படத்தை ஆசிரியர்களுக்குப் பரிந்துரைப்பது இதற்காகவே. இந்தியோ ஒடியாவோ பேசும் தொழிலாளர் குடும்பத்துப் பிள்ளைகள் இன்று நம் வகுப்புகளில் அமர்ந்திருக்கிறார்கள். அவர்களின் மௌனத்தை ‘மெல்லக் கற்போர்’ என்று எழுதிவிடுவது எளிது. ஆனால் அந்தப் பிள்ளை தன் மொழியில் கதை சொல்லும், கணக்குப் போடும், கேலியும் செய்யும். புரியாதது நம் பேச்சுதான்.

செய்யக்கூடியவை சிறியவையே. பெயரைச் சரியாக உச்சரிக்கலாம். பாடத்தில் வரும் சொல்லுக்கு அதன் மொழியில் என்ன என்று கேட்டு, கரும்பலகையில் அதையும் எழுதலாம். பேச்சோடு படமும் பொருளும் சேர்த்துக் காட்டலாம். ஊரைக் கேட்பதற்கு முன், அந்த ஊர் இருக்கும் வரைபடத்தை மாட்டலாம்.

ஜெங்க்கின் ஆசிரியை கெட்டவர் அல்லர். அவர் மாட்டிய வரைபடம்தான் போதவில்லை.