வாராதவர் வழக்கு

நீதிமன்ற வாயிலில் நின்று சேவகர் மும்முறை பெயர் கூவி அழைப்பதை நீங்கள் கேட்டிருக்கலாம். அந்த அழைப்புக்கு விடை கூற எவரும் இல்லையெனில், வழக்கில் உண்மை யார் பக்கம் என்று ஆராயப்படாமலே அது முடிந்துபோகக்கூடும். நியாயம் உடையவரும் தோற்கக்கூடும். இதனைச் சட்டம் ஏன் அனுமதிக்கிறது?

1908ஆம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டத்தில் ஒன்பதாம் கட்டளை இதுபற்றிக் கூறுகிறது. குடியானவர் ஒருவர், அண்டை நிலத்தார் தம் வயலைக் கவர்ந்துகொண்டார் என்று வழக்கிடுகிறார் எனக் கொள்வோம். வழக்கிட்டவர் வாதி, எதிர்ப்பவர் பிரதிவாதி. விசாரணை நாளில் இருவருமே வரவில்லையென்றால் வழக்கு தள்ளுபடியாகலாம். ஆனால் காலவரம்புக்கு உட்பட்டு வாதி மீண்டும் வழக்கிடலாம். வாதி வந்து, சம்மன் முறைப்படி கிடைத்தும் பிரதிவாதி வராவிடில், ஒருதலையாக விசாரணை நடக்கலாம். பிரதிவாதி மட்டும் வந்திருந்து, கோரிக்கையை அவர் ஒப்புக்கொள்ளாவிடில், வழக்கு தள்ளுபடியாகும். இங்கேதான் கடுமை மிகுதி. அதே காரணத்தைக் கொண்டு வாதி புதிய வழக்குத் தொடர இயலாது. வயல் உண்மையில் அவருடையதே எனினும் அந்த வழி அடைபட்டுவிடுகிறது.

இக்கடுமைக்குக் காரணம் உண்டு. அழைத்தவர் வாதி, அவர் அழைப்பை ஏற்று வேலையை விட்டு வந்து காத்திருப்பவர் பிரதிவாதி. வழக்கு முடிவின்றி நீண்டால் அவருக்கும் அநீதியே. மேலும், வருதல் என்பது நேரில் வருதல் மட்டுமன்று. வழக்கறிஞர் மூலம் வருதலும் வருதலேயாகும்.

ஆயினும் சட்டம் ஒரு கதவைத் திறந்தே வைத்திருக்கிறது. கடும் நோய் போன்ற தக்க காரணத்தால் வர இயலவில்லை என்று வாதி மெய்ப்பித்தால், நீதிமன்றம் எதிர்த்தரப்புக்கு அறிவிப்புத் தந்து, செலவுத் தொகை குறித்து நிபந்தனை விதித்து, வழக்கை மீண்டும் கோப்பில் ஏற்கும். 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டப்படி இதற்கு 30 நாட்களுக்குள் மனுச் செய்தல் வேண்டும். தாமதத்துக்கும் போதிய காரணம் காட்டினால் அது மன்னிக்கப்படலாம்.

நடைமுறைச் சட்டம் நீதிக்குத் துணை நிற்பதற்கே அன்றி, மக்களைத் தண்டிப்பதற்கு அன்று என்று உச்ச நீதிமன்றம் 1955இல் சங்கராம் சிங் வழக்கில் விளக்கியது. ஒரு நாள் வாராத பிரதிவாதி மறு விசாரணையில் கலந்துகொள்வதைத் தடுக்கலாகாது என்றும் கூறியது. வழக்கறிஞர் வாராமையால் தள்ளுபடியான ஒரு மேல்முறையீட்டை 1981இல் அந்நீதிமன்றமே மீட்டளித்தது. வழக்கறிஞரின் குற்றத்துக்காகக் குற்றமற்ற கட்சிக்காரர் துன்புறலாகாது என்பது அதன் கருத்து.

எனினும் இச்சலுகை எல்லோருக்கும் தானே வந்தெய்துவதன்று. காரணம் காட்டுவோர்க்கே கிட்டும். ஆதலின் வழக்கு நாளைக் குறித்துவைத்தலும், வழக்கறிஞரிடம் அவ்வப்போது விசாரித்தலும், தவற நேர்ந்தால் 30 நாட்களை எண்ணுதலும் ஒவ்வொரு குடிமகனும் அறியவேண்டியவை. உரிமை இருந்தால் மட்டும் போதாது. பெயர் கூவப்படும் வேளையில் அதற்காகக் குரல் கொடுக்க ஒருவர் அங்கே இருத்தல் வேண்டும்.